தேதியைத் திருப்பி வைக்கும் அறை

— நான் இல்லாத நேரத்துல இந்தக் கம்ப்யூட்டர்ல என்னடா பண்ணினே?

— ஒண்ணுமே பண்ணலக்கா. நெட் ஒயரை மட்டும் சொருகினேன்.

— எந்த ஒயரை?

— அதான், ஆணியில சுருட்டி மாட்டியிருந்தியே, நீல ஒயர். சும்மாதானே தொங்குதுன்னு...

— ஆணியில தொங்கற ஒயர் உன்னை வந்து கடிச்சுதா?

— எதுக்குக்கா இவ்வளவு கோபம்? நீ காய் வாங்கப் போயிட்டே. எவ்வளவு நேரம்தான் சுவத்தைப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கறது? ஆபீஸ் மெயில் ஏதாவது வந்திருக்கான்னு பாக்கலாம்னு சொருகினேன்.

— இத்தனை வருஷத்துல அக்காவோட எடிட்டிங் ரூம் எப்படி இருக்குன்னு ஒரு தடவை எட்டிப் பாத்ததில்லை. இன்னிக்குத்தான் முதல் முதலா உள்ளே கால் வெச்சே. வெச்ச காலோட இழுத்து மூடிட்டே.

— எதை மூடினேன்?

— நீயே பாரு. திறக்கறேன்... இதோ. படிச்சுச் சொல்லு, நீதான் பெரிய அறிவாளி ஆச்சே.

— இந்த வெர்ஷன் இனிமே வேலை செய்யாது, புதுசை வாங்கிக்கோங்கன்னு சொல்லுது.

— காலையிலகூட ஓடிச்சு.

— காலையில எப்படி ஓடிச்சுன்னுதான் எனக்கு ஆச்சரியம். இந்த வெர்ஷனையெல்லாம் கம்பெனி கைகழுவி எவ்வளவோ காலம் ஆச்சுக்கா. அதுவும் போக, உன் மெஷின்ல தேதியே தப்பா இருந்துது. ஏதோ பழைய வருஷம் காட்டிச்சு. நெட் கிடைச்சதும் அதுவே சரி பண்ணிக்கிச்சு.

— அது தப்பு இல்ல. நான் வெச்ச தேதி.

— நீ வெச்சதா?

— தினமும் காலையில எனக்கு முதல் வேலையே அதுதான். பெருக்கறதுக்கு முன்னாடி, அடுப்பைப் பத்த வைக்கறதுக்கு முன்னாடி. வந்து ஸ்விட்சைப் போடுவேன், தேதியைத் திருப்பி வெப்பேன். மத்ததெல்லாம் அப்புறம்தான்.

— எந்தத் தேதிக்கு?

— உனக்குத் தெரியும்.

— மாமா போன நாளுக்கா?

— வேற எந்த நாளுக்கு வெப்பேன்?

— அக்கா...

— இழுக்காதே. உன் இரக்கத்தைக் கொண்டுபோய் அந்த ஆணியில மாட்டு. முதல்ல இதைச் சரி பண்ணு.

— ஒரு நிமிஷம் இரு. தேதியைத் திருப்பினா எல்லாம் ஓடும்னு யாரு உனக்குச் சொல்லிக் கொடுத்தது?

— பக்கத்து போட்டோ ஸ்டூடியோக்காரர். உங்க மாமா போன கொஞ்ச நாள்ல ஒரு தடவை இதே மாதிரிதான் திறக்க மாட்டேன்னு அடம் பிடிச்சுது. நெட்டைப் பிடுங்கிட்டு தேதியைப் பின்னாடி தள்ளுங்கம்மா, ஓடும்னார். எங்க தொழில்ல பாதிப் பேர் அப்படித்தான் ஓட்டறாங்க. எவ்வளவு தூரம் தள்ளணும்னு கேட்டேன். அது உங்க இஷ்டம்னார்.

— உங்க இஷ்டம்னாரா!

— ஆமா. என் இஷ்டப்படி நடந்த ஒரே காரியம் அதுதான்டா.

— இப்ப ஏன் நின்னுபோச்சுன்னு சொல்றேன், கேளு. சிம்பிள். இந்த மாதிரி சாஃப்ட்வேர் எல்லாம் அப்பப்போ கம்பெனிகிட்ட கேட்டுக்கும், நான் இன்னும் ஓடலாமான்னு. அங்கே ஒரு மெஷின் உக்காந்து, ஓடு ஓடுன்னு பதில் சொல்லிக்கிட்டிருக்கும். புது வெர்ஷன் வந்து நல்லா வித்ததும், பழசுக்குப் பதில் சொல்ற அந்த மெஷினை நிறுத்திடுவாங்க. இது பாட்டுக்குக் கேட்டுக்கிட்டே இருக்கும். பதில் வராது. கொஞ்ச நாள் பொறுத்துப் பாக்கும். அப்புறம் தானாவே கதவைச் சாத்திக்கும்.

— கேட்டுக்கிட்டே இருந்து பதில் வரலைன்னா எப்படி இருக்கும்னு எனக்கு நீ பாடம் நடத்தறியா?

— நான் அந்த அர்த்தத்துல சொல்லலக்கா.

— தெரியும். மேல சொல்லு.

— நீ தேதியைத் திருப்பி வெச்சதால, நேத்துதானே கேட்டோம், இன்னும் நாள் இருக்கேன்னு அது நினைச்சுக்கிட்டிருந்துது. தினமும் அதே நினைப்பு.

— சரி, அந்த நினைப்பையே மறுபடி கொடு. ஒயரைப் பிடுங்கு. தேதியைத் தள்ளு.

— இரு, பண்ணிப் பாக்கறேன்... ம்ஹூம். நம்ப மாட்டேங்குது. உண்மையான தேதி என்னன்னு அதுக்குத் தெரிஞ்சு போச்சு, எங்கேயோ உள்ளே குறிச்சு வெச்சுக்கிச்சு. இனிமே நாம என்ன வெச்சாலும் காதுல வாங்காது. அதனால மறுபடி ஒயரைச் சொருகி, சரியான தேதியையே வெச்சுட்டேன்.

— எனக்கும்தான் நீங்க எல்லாரும் சேர்ந்து தேதி சொல்லிச் சொல்லிப் பாத்தீங்க. நான் நம்பினேனா? என்னளவுக்குக்கூட இதுக்குப் பிடிவாதம் இல்லையே.

— அக்கா, கோபப்படாம ஒண்ணு கேக்கறேன். போனா போகுதுன்னு விட்டா என்ன? நான் எதுக்கு வந்தேன்? உன்னைக் கையோட கூட்டிக்கிட்டுப் போகத்தானே வந்திருக்கேன். எங்க வீட்டுல ஒரு ரூம் காலியா இருக்கு. என் பொண்டாட்டி புதுத் திரைச்சீலை எல்லாம் தைச்சு மாட்டி வெச்சிருக்கா. புது மெஷின், புது வெர்ஷன் நான் வாங்கித் தர்றேன். அங்கேயே உக்காந்து கல்யாண வீடியோ எடிட் பண்ணு.

— கல்யாண வீடியோவை எதுலயும் வெட்டலாம்டா, கத்திரிக்கோல் இருந்தாகூட வெட்டலாம். அதுக்கா அழறேன்? குருவி இதுக்குள்ளதான் இருக்கு.

— எந்தக் குருவி?

— உங்க மாமா என்னை அப்படித்தான் கூப்பிடுவார். நாங்க ரெண்டு பேரும் சேர்ந்துதானே கல்யாணங்களுக்குப் போவோம். அவர் கேமரா, நான் லைட். லைட் பிடிக்கறவ படத்துல வரக்கூடாது. அதையும் மீறி எங்கேயாவது வந்துடுவேன். மாப்பிள்ளை தோளுக்குப் பின்னாடி கொஞ்சம் முகம். ஒரு கண்ணாடியில பாதி. ஒயரைத் தாண்டும்போது ஒரு காலு. மத்த எடிட்டரா இருந்தா அதையெல்லாம் வெட்டித் தூரப் போட்டிருப்பான். இவர் ஒண்ணு விடாம எடுத்துச் சேத்து வெச்சார். ஊர்ல இருக்கற கல்யாணத்தை எல்லாம் எடுத்தேன், உனக்குன்னு ஒரு படம் இல்லையேம்மா, இதுதான் உன் படம்னார். அதுக்குத்தான் குருவின்னு பேர் வெச்சார்.

— இதை நீ எங்க யாருகிட்டயும் சொன்னதே இல்ல.

— சொன்னா என்ன பண்ணுவீங்க? பாவம்னு உச்சுக்கொட்டுவீங்க. அன்னிக்குக் காலையில அதைத் திறந்து வெச்சுட்டு, ஏரிக்கரையில சும்மா கொஞ்சம் தண்ணியைப் படம் எடுத்துட்டு வர்றேன், கடைசியில சேத்தா நல்லா இருக்கும்னு சொல்லிட்டுப் போனார். அப்புறம் நடந்தது ஊருக்கே தெரியும். வேன் கரையில நின்னுது. அவரும் இல்ல, கேமராவும் இல்ல. தண்ணியில தேடினாங்க, காட்டுல தேடினாங்க. எனக்கு அவர்னு மிச்சம் இருக்கறது இந்தப் படம்தான்டா. தினமும் ஒரு தடவை போட்டுப் பாத்துட்டுத்தான் சாப்பிடுவேன். அதைத்தான் நீ மூடிட்டே.

— தப்புதான். கையைக் கொடு. நான் அதைத் திறந்து தராம இங்கேயிருந்து எழுந்திருக்க மாட்டேன், போதுமா?

— எப்படித் திறப்பே?

— என் லேப்டாப்புல புது வெர்ஷன் இருக்கு. உன் மெஷின் அது பாட்டுக்கு ஓடட்டும். அந்த நீல ஒயர் வழியாவே உள்ளே போய், குருவிக்கு ஒரு காப்பி எடுத்து, அதைப் புதுசுல திறக்கறேன். ஒரிஜினல் மேல கை வைக்க மாட்டேன்.

— புதுசுல திறந்தா பழசு பாழாயிடும்னு சொல்வாங்களே.

— காப்பிதான் மாறும். சத்தியமா.

— சரி. மெதுவா பண்ணு. ஸ்கிரீன் மட்டும்தான் மேஜையில, மெஷின் பெட்டி உனக்குப் பின்னாடி இருக்கு, கதவோரமா. ஃபேன் சத்தம் தாங்கலைன்னு அவர்தான் அங்கே தள்ளி வெச்சார். கால் இடிக்காம உக்காரு.

— ம்... வருது. காப்பியைப் புது வெர்ஷனுக்கு மாத்தவான்னு கேக்குது. மாத்து. இரு, இரு, வந்துக்கிட்டே இருக்கு. இதோ, வந்துடுச்சு! பாத்தியா? இது நீதானே, அந்தக் கண்ணாடியில?

— ஆமாடா. நான்தான். எத்தனை ஒல்லியா இருக்கேன் பாரு. தெய்வமே, நீ நல்லா இருப்பேடா.

— அழாதே. அதான் வந்துடுச்சே.

— அழல. கண்ணு எரியுது. இது என்ன, கீழே சிவப்பு சிவப்பா?

— எது?

— படத்துண்டு எல்லாம் வரிசையா இருக்கே, அதுக்கு அடியில இன்னொரு வரிசை. இது குருவியில கிடையாது. எனக்கு இந்தப் படம் மனப்பாடம்.

— ஒரு நிமிஷம் இரு. ஓ, இதுவா. பழைய வெர்ஷன்ல ஒரு வரிசையை மடிச்சு மறைச்சு வெச்சுக்கலாம். புதுசு வந்ததும் மடிச்சதை எல்லாம் விரிச்சுக் காட்டுது. மாமாதான் மடிச்சு வெச்சிருப்பார். சிவப்பா இருந்தா, இந்த இடத்துல ஒரு துண்டு இருக்கு, ஆனா அந்த ஃபைல் இப்போ கையில இல்லன்னு அர்த்தம்.

— கையில இல்லன்னா எங்கே இருக்கு?

— கார்டுல. கேமராவுக்குள்ள போடற கார்டுல இருந்து நேரா இழுத்துப் போட்டிருக்காங்க. மெஷினுக்குள்ள காப்பியே பண்ணல. கார்டை உருவிட்டா சிவப்பாயிடும். புதுசா கத்துக்கறவங்க பண்ற தப்பு.

— புதுசா கத்துக்கறவங்க இல்ல, உங்க மாமா பண்ற தப்பு. அவசரக்குடுக்கை. கார்டைச் சொருகினதும் பொறுக்காது, நேரா இழுத்துப் போட்டுடுவார். இதுக்காகவே எங்களுக்குள்ள எத்தனை சண்டை தெரியுமா? அந்த நம்பரைப் படி.

— எந்த நம்பர்?

— கேமரா ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு நம்பர் போடும்டா. முதல் சிவப்போட நம்பர்.

— கடைசி மூணு இலக்கம் நானூத்தி பன்னெண்டு.

— நானூத்தி பதினொண்ணுதான் கடைசி. அவர் போனதுக்கு முந்தின நாள் எடுத்தது. நான்தான் இறக்கி வெச்சேன்.

— அப்போ இது?

— அதுக்கு அப்புறம் எடுத்தது. அதே கேமராவுல.

— அக்கா, லாஜிக்கா யோசி. அந்தக் கேமரா மாமாவோட போயிடுச்சு.

— அதைத்தான்டா நானும் சொல்றேன். கேமரா அவரோட போச்சு. அதுக்குள்ள இருந்த கார்டும் அவரோட போச்சு. அந்தக் கார்டை இந்த மெஷின்ல சொருகாம இந்தச் சிவப்பு இங்கே வராது. அப்போ யாரு சொருகினது?

— யாராவது உள்ளே வந்து...

— சாவி ரெண்டே ரெண்டு. ஒண்ணு என் இடுப்புல. இன்னொண்ணு அவர் பாக்கெட்ல.

— எனக்கு பயமா இருக்குக்கா.

— எனக்கு இல்ல. என்னிக்கு வந்தார்னு பாரு. நாளைச் சொல்லு. எந்த நாள்னு மட்டும் சொல்லு, போதும்.

— பாக்கறேன். கேமரா போட்ட தேதி எல்லாம் பூஜ்யமா இருக்கு. பேட்டரி செத்துப்போன கேமரா மாதிரி. மெஷின்ல சேத்த தேதி... அது வந்து...

— சொல்லுடா.

— எல்லாமே ஒரே நாள்க்கா. மாமா போன நாள்.

— ஒரே நாள்ல அவ்வளவுமா? போய்ட்டுத் திரும்பி வந்து இதைச் செஞ்சாரா? நான் அன்னிக்கு இந்த நாற்காலியை விட்டு எழுந்திருக்கவே இல்லையே.

— ஒரே நாளா இருக்காது. நீ தினமும் தேதியைத் திருப்பி வெச்சே இல்ல. அந்த மெஷினுக்கு எப்பவும் அதே நாள்தான். யார் எப்போ வந்து என்ன செஞ்சாலும் அந்த நாள்னுதான் எழுதும். போன மாசமா, போன வருஷமா, எதுவும் சொல்ல முடியாது.

— சொல்ல முடியாதா? உன்னாலயுமா?

— யாராலயும் முடியாதுக்கா.

— அப்போ அவர் வந்துட்டுப் போன நாளை எல்லாம் நானே அழிச்சிருக்கேன். தினமும் காலையில எழுந்ததும் வந்து, பக்தியா, என் கையாலயே.

— நீ வேணும்னா பண்ணினே?

— வேணும்னு பண்ணியிருந்தா திட்டவாவது ஒருத்தி இருப்பா. வந்திருக்கார்டா. இந்த ரூமுக்குள்ள வந்திருக்கார். நான் பக்கத்துல படுத்துத் தூங்கியிருப்பேன். இல்ல, காய்கறிக் கடையில நின்னு பேரம் பேசிக்கிட்டிருந்திருப்பேன். என்னை ஏன் எழுப்பல? ஒரு வார்த்தை கூப்பிட்டிருக்கலாமே.

— ஒரு நிமிஷம் இரு. அழாதே. ஃபைல் இல்லேன்னாலும், ஒவ்வொரு துண்டுக்கும் பழைய வெர்ஷன் ஒரு சின்னப் படம் எடுத்து வெச்சுக்கும், அடையாளத்துக்கு. தபால் தலை அளவுல இருக்கும். அதைத் தேடிப் பாக்கறேன்.

— தேடு.

— கிடைச்சுது. நானூத்தி பன்னெண்டு. இருட்டா இருக்கு. பச்சையா ஏதோ.

— தண்ணி.

— தண்ணிதான். ஆனா மேல இருந்து எடுத்த மாதிரி இல்லையே. வெளிச்சம் மேல இருக்கு. கேமரா கீழே இருக்கு.

— அடுத்தது.

— அதுவும் தண்ணிதான். அதுக்கு அடுத்ததும். இது கரை, புல்லு தெரியுது. இது ஒரு ரோடு, மழை பெய்யுது. இது... உங்க தெருதானே? அந்த சைக்கிள் கடை.

— சைக்கிள் கடையை அவர் போனப்புறம்தான்டா அங்கே போட்டாங்க.

— இது உங்க ஷட்டர். இது மாடிப்படி. இதுல யாரோ ஒருத்தர் மேஜையில தலையை வெச்சுத் தூங்கறாங்க. முதுகுதான் தெரியுது.

— நான்தான். முடியைப் பாரு. பாதிக்கு மேல நரை. அவர் போறப்போ ஒரு நரை இல்ல எனக்கு.

— இதுலயும் முதுகு. இதுலயும். இதுல குனிஞ்சு கூட்டறே. இதுல ஒயரைச் சுருட்டறே. எல்லாத்துலயும் நீதான்க்கா. எல்லாத்துலயும் பின்னாடியிருந்து.

— படத்தை முடிக்கறார்டா. விட்ட இடத்துல இருந்து பிடிச்சு முடிக்கறார். நான் என்ன நினைச்சேன், எனக்கு யாருமே இல்லன்னு. இவ்வளவு நாளா தனியா இருக்கோம்னு. என்ன ஒரு மடச்சி நான்!

— அக்கா, வா, வெளியே போயிடலாம். இங்கே உக்காந்திருக்க எனக்குப் பிடிக்கல. இந்த லேப்டாப்பை எடுத்துக்கறேன், ஹால்ல வெச்சுப் பாக்கலாம்.

— நீ போ. நான் இங்கே இருக்கேன்.

— உன்னை விட்டுட்டு எப்படிப் போறது? எழுந்திரு, சொல்றேன்ல... இது என்னது?

— என்னடா?

— சிவப்பு போகுது.

— எங்கே போகுது?

— முதல் துண்டு சிவப்பா இருந்துதா, இப்போ படமாயிடுச்சு. ரெண்டாவதும். நான் எதையும் தொடலக்கா. கையைப் பாரு, கை மடியில இருக்கு. ஒவ்வொண்ணா தானா வருது.

— கார்டைச் சொருகினா அப்படித்தான்டா ஆகும்.

— எந்தக் கார்டை? கார்டு சொருகற இடம் எங்கே இருக்கு?

— நமக்குப் பின்னாடி இருக்கற மெஷின்ல.

— இதோ, மூணாவது. நாலாவது.

— எல்லாம் வந்துடுச்சா?

— வந்துடுச்சு. அக்கா, கடைசியில புதுசா ஒண்ணு சேருது. இதுக்கு முன்னாடி அது இல்ல. சத்தியமா இல்ல. அதுக்குத் தேதி போட்டிருக்கு.

— என்ன தேதி?

— இன்னிக்குத் தேதி. நான்தான் சரி பண்ணிட்டேனே. இன்னிக்கு, இப்போ.

— போட்டுக் காட்டு.

— வேண்டாம்க்கா.

— போடு.

— ரெண்டு பேர் உக்காந்திருக்காங்க. முதுகு தெரியுது. ஒண்ணு நீ. ஒண்ணு நான். இந்த மேஜை, இந்த லேப்டாப். கிட்ட வந்துக்கிட்டே இருக்குக்கா. நான் திரும்பிப் பாக்கவா?

— கேமராவைப் பாக்காதடா. அவருக்கு அது பிடிக்காது.